ஒளித்து வைத்ததும் பூட்டி வைத்ததும்

மியூ என்ற போக்கிமோனுக்கு அந்த விளையாட்டில் முதலில் இடமே இருக்கவில்லை. போக்கிமோன் என்ற கற்பனைப் பிராணிகளைப் பிடித்து வளர்த்துச் சண்டைக்கு விடுவதுதான் விளையாட்டு. கேம்பாய் என்ற கையடக்கக் கருவிக்கான முதல் போக்கிமோன் விளையாட்டுகளான ரெட்டும் கிரீனும் 1996 பெப்ரவரி 27ஆம் திகதி ஜப்பானில் வெளிவந்தன. வேலை முடியும் தறுவாயில், பிழை பார்ப்பதற்காக உள்ளே போட்டிருந்த கருவிகளைக் கழற்றியபோது கேசட்டில் சுமார் 300 பைட் இடம் மிஞ்சியது. கேம் ஃப்ரீக் நிறுவனத்தில் புரோகிராம் எழுதிக்கொண்டிருந்த ஷிகெகி மொரிமோட்டோ அந்த மிச்ச இடத்துக்குள் ஒரு சின்னப் பிராணியை நுழைத்துவிட்டார். பிழை பார்த்து முடிந்த புரோகிராமில் கைவைக்கக் கூடாது என்பது இந்தத் தொழிலில் எல்லோருக்கும் தெரிந்த சட்டம். அவர் வைத்தார். 300 பைட் என்றால் எவ்வளவு? இந்தப் பந்தியின் முதல் இரண்டு வரிகூட அதற்குள் அடங்காது.

விளையாடுகிறவர் கைக்கு அது போக வேண்டும் என்று யாரும் திட்டமிடவில்லை. ஆனாலும் விளையாட்டுக்குள் அதன் தடயம் உண்டு. சினபார் தீவில் பாழடைந்த ஒரு மாளிகை. அதற்குள் சில நாட்குறிப்புத் தாள்கள். ஜூலை 5, தென்னமெரிக்காவின் கயானாக் காட்டுக்குள் புதிய போக்கிமோன் ஒன்றைக் கண்டோம். ஜூலை 10, அதற்கு மியூ என்று பெயர் வைத்தோம். பெப்ரவரி 6, மியூ குட்டி போட்டது. குட்டிக்குப் பெயர் மியூட்டூ. குட்டியைக் குகைக்குள் போய்ப் பிடிக்கலாம். தாயை எங்கும் காணோம். பத்துப் பன்னிரண்டு வயதில் இதை வாசிக்கிற பிள்ளை சும்மா இருக்குமா?

எளிதில் அகப்படாத பிராணிகளை நான் இரண்டாகப் பிரித்துத்தான் பார்ப்பேன். ஒளித்து வைத்தவை ஒரு வகை, பூட்டி வைத்தவை இன்னொரு வகை. ஒளித்து வைத்ததைக் கண்டுபிடிக்கத் தேவையான எல்லாம் கேசட்டுக்குள்ளேயே இருக்கும். தேடுகிறவரின் பொறுமையும் மூளையும்தான் வேண்டும். பூட்டி வைத்ததற்குச் சாவி வேறு ஊரில், வேறு யாரோ ஒருவர் கையில். கொழும்பில் இருந்து விளையாடிய எங்களுக்கு இந்த வித்தியாசம் சின்ன வயதிலேயே நன்றாக உறைத்துவிட்டது.

மியூவையே எடுத்துக்கொள்ளுங்கள். அப்படி ஒன்று உள்ளே இருக்கிறது என்ற கதை பரவத் தொடங்கியதும், 1996இல் ஜப்பானில் கொரோகொரோ என்ற சிறுவர் சஞ்சிகை மூலம் ஒரு போட்டி வைத்தார்கள். 20 பேருக்கு மட்டும் மியூ கிடைக்கும் என்று அறிவித்தார்கள். விண்ணப்பித்தவர்கள் சுமார் 78,000 பேர். மெதுவாக விற்றுக்கொண்டிருந்த விளையாட்டு அதற்குப் பிறகு பிடித்துக்கொண்டது. வியாபாரமாகப் பார்த்தால் அபாரமான யோசனைதான். ஆனால் பூட்டிச் சாவியைக் கையில் வைத்துக்கொள்ளும் பழக்கம் அங்கேதான் ஆரம்பித்தது. அந்தப் பழக்கம் இன்றுவரை விடவில்லை.

எங்களிடம் சஞ்சிகை இல்லை, போட்டி இல்லை. பள்ளிக்கூட வேன் இருந்தது. வெள்ளவத்தையில் ஏறி பம்பலப்பிட்டியில் இறங்குவதற்குள், காலி வீதி நெரிசலின் தயவால், ஒரு முழுக் கதையைச் சொல்லி முடித்துவிடலாம். அப்படிக் கேட்ட கதைதான் லொறிக் கதை. வெர்மிலியன் துறைமுகத்தில் எஸ்.எஸ்.ஆன் என்ற கப்பல் நிற்கும். அதற்குப் பக்கத்தில் ஒரு லொறி. அதைத் தள்ளினால் கீழே மியூ.

இந்தக் கதையைக் கேட்டுச் சிரிக்கிறவர்கள் உண்டு. எனக்கு அதில் இன்றும் மரியாதைதான். அந்த லொறி உண்மையாகவே இருக்கிறது. விளையாட்டு முழுவதும் தேடினாலும் வேறு எங்கும் லொறி கிடையாது. அதனிடம் போகவும் சாதாரணமாக முடியாது. கப்பல் தலைவரிடம் கட் என்ற வித்தையை வாங்கிக்கொண்டு இறங்கியதும் கப்பல் போய்விடும், துறைமுகத்துக்குள் நுழையவும் முடியாது. தண்ணீரில் போகும் சர்ஃப் வித்தையோ அதற்கு வெகு நேரம் கழித்துத்தான் கிடைக்கும். ஆகவே கட் தெரிந்த போக்கிமோன் ஒன்றை நண்பனிடம் மாற்றி வாங்கி, கப்பலைப் போகவிடாமல் வைத்து, சர்ஃபோடு திரும்பி வந்து, கப்பலைச் சுற்றி நீந்திப் போக வேண்டும். இவ்வளவையும் யாரோ பிள்ளைகள்தான் யோசித்துக் கண்டுபிடித்தார்கள். கீழே ஒன்றும் இல்லை என்பது வேறு விஷயம். 2004இல் ஃபயர்ரெட், லீஃப்கிரீன் என்று அதே விளையாட்டைப் புதுப்பித்தபோது, லொறிக்குப் பக்கத்தில் தின்பண்டம் ஒன்றை ஒளித்து வைத்திருந்தார்கள். பிள்ளைகளின் கதை செய்தவர்களின் காதுக்கும் போயிருக்கிறது.

நிஜமான வழி 2003இல் வெளியே தெரியவந்தது. வெள்ளவத்தையில் ஒரு நெட் கஃபேயில் மணிக்கணக்குக்குக் காசு கொடுத்து உட்கார்ந்து, அங்கிருந்த அண்ணாவிடம் கெஞ்சி அதைப் பிரின்ட் எடுத்தேன். அந்தத் தாள் மடிப்பு மடிப்பாகக் கிழியும்வரை என்னிடம் இருந்தது. செய்முறையை இங்கே முழுதாகச் சொல்கிறேன். புரோகிராமில் தற்செயலாக விழுந்த ஓட்டையைத்தான் கிளிட்ச் என்பார்கள். இதைவிட அழகான ஒரு கிளிட்ச் எனக்குத் தெரியாது.

செருலியன் நகருக்கு வடக்கே ஒரு பாலம். அதைத் தாண்டி மேற்கே போனால் புல்லுக்குள் ஒரு பையன் நிற்பான். அவனோடு முன்னமே மோதியிருக்கக் கூடாது. அதே புல்லில் ஆப்ரா என்ற போக்கிமோனைப் பிடித்துக்கொள்ள வேண்டும். அதற்கு டெலிபோர்ட் தெரியும். இனி அந்தப் பையனின் பார்வைக் கோட்டுக்குள், அவன் திரையின் ஓரத்தில் தெரிய வருகிற அந்த ஒரு அடியை எடுத்து வைக்கும் கணத்திலேயே ஸ்டார்ட் பொத்தானை அமுக்க வேண்டும். அவன் நம்மைக் கண்டுகொள்வதற்கு முன்னால் மெனு திறந்துவிடும். அதில் டெலிபோர்ட். பையனின் தலைக்கு மேல் ஆச்சரியக்குறி பளிச்சிடும்போதே நாம் நகருக்குள் போய் நிற்போம். இப்போது ஸ்டார்ட் பொத்தான் வேலை செய்யாது. பயப்படத் தேவையில்லை. விளையாட்டு இன்னும் அந்தச் சண்டை நடந்துகொண்டிருப்பதாக நினைத்துக்கொண்டிருக்கிறது.

அப்புறம் பாலம் ஏறிக் கிழக்கே போனால், 17ஆம் மட்டத்து ஸ்லோபோக் ஒன்றை வைத்திருக்கும் இன்னொரு பையன். அவன்தான் நம்மிடம் நடந்து வர வேண்டும். நாம் ஒட்டிப் போய் நிற்கக் கூடாது. அவனை வென்றதும் பொத்தான் திரும்ப உயிர் பெறும். மறுபடி டெலிபோர்ட். வழியில் வேறு சண்டை எதிலும் மாட்டாமல் பாலத்துப் பக்கம் நடந்தால் மெனு தானாகவே திறக்கும். அதை மூடுங்கள். சண்டை இசை. எதிரே 7ஆம் மட்டத்து மியூ.

ஏன் ஸ்லோபோக்? 17ஆம் மட்டத்தில் அந்தப் பையனின் ஸ்லோபோக்குக்கு ஸ்பெஷல் என்ற பலம் சரியாக 21. படத்தொகுப்பில் மியூவின் எண் 151 என்றாலும், விளையாட்டின் உள்வரிசையில் ஆர்க்கனைனுக்கும் கியாரடோஸுக்கும் நடுவே அதன் எண் 21. முந்திய ஆசிரியர் அழிக்காமல் விட்டுப்போன எண்ணை அடுத்த பாடத்து ஆசிரியர் கரும்பலகையில் பார்த்துத் தன் கணக்கென்று எடுத்துக்கொள்வதைப் போல, கடைசி எதிரியின் ஸ்பெஷல் பலத்தை, அடுத்து வர வேண்டிய பிராணியின் எண் என்று விளையாட்டு எடுத்துக்கொள்கிறது. மட்டம் 7 ஆவதும் அப்படித்தான். எதிரியின் தாக்கும் பலம் ஏறாமலும் இறங்காமலும் இருந்தால் அந்த நிலையைக் குறிக்கும் எண் 7. கேம்பாயின் சின்ன நினைவகத்தில் ஒரே இடத்தைப் பல வேலைக்கும் பயன்படுத்தியதால் வந்த விளைவு இது.

இதைக் கள்ள வழி என்று சொல்கிறவர்களோடு நான் ஒத்துப்போக மாட்டேன். கேம்ஷார்க் மாதிரி ஒரு கருவியைச் செருகி நினைவகத்தில் நேரே எண்ணை எழுதுவது வேறு. அதில் எனக்கு ஆர்வம் இருந்ததே இல்லை. இங்கே வெளியிலிருந்து ஒன்றும் சேர்க்கவில்லை. நடந்தோம், பொத்தானை அமுக்கினோம், சண்டை போட்டோம். பல வருடங்களுக்கு முன்னால் மொரிமோட்டோ உள்ளே வைத்தது எதுவோ, அதுவேதான் எங்களிடம் வந்தது. பூட்டி வைத்த ஒன்றை ஒளித்து வைத்ததாக மாற்றிக் கொடுத்தது இந்தக் கிளிட்ச் என்றுதான் நான் சொல்வேன். ஆனால் 2016 பெப்ரவரியில் அதே பழைய விளையாட்டுகளை 3டிஎஸ் கருவிக்கு விற்பனைக்கு விட்டு, அதில் பிடித்தவற்றைப் புதிய விளையாட்டுகளுக்கு அனுப்ப வழி செய்தபோது, இப்படிப் பிடித்த மியூவை மட்டும் வாசலில் நிறுத்திவிட்டார்கள். பரிசாகக் கொடுத்த மியூ உள்ளே போகலாம், உழைத்துப் பிடித்த மியூ போகக் கூடாது. அது எனக்கு இன்றும் நியாயமாகப் படவில்லை.

நியூ ஜெர்சியில் இருக்கும் சித்தியின் மகனுக்கு அந்தக் கஷ்டம் ஒன்றும் இருக்கவில்லை. 2006 செப்டம்பர் 30ஆம் திகதி அமெரிக்காவில் டாய்ஸ் ஆர் அஸ் கடைகளில் மியூ விநியோகித்தார்கள். சித்தப்பா காரில் கூட்டிக்கொண்டு போய் வரிசையில் நின்று வாங்கிக் கொடுத்தாராம். அடுத்த ஆடிவேல் சமயத்தில் அவர்கள் கொழும்புக்கு வந்தபோது தன் கருவியைத் திறந்து காட்டினான். தேர் பார்க்கப் போன இடத்தில்கூட நான் அதைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"அண்ணா, உங்களுக்கும் தரலாம். கேபிள் இருக்கா?" என்று கேட்டான். இரண்டு கருவிகளையும் இணைக்கும் அந்தக் கேபிளைப் பம்பலப்பிட்டியில் கடை கடையாகக் கேட்டோம். புறக்கோட்டைக்கும் போனோம். கிடைக்கவில்லை. அவன் மனசு நல்ல மனசு. கையில் இருந்ததைக் கொடுக்கத் தயாராகத்தான் இருந்தான். பிராணி ஒரே மேசையில் எதிரெதிரே இருந்தும் கைமாற முடியவில்லை.

செலிபி என்ற இன்னொரு போக்கிமோனின் கதை இதைவிட மோசம். கிரிஸ்டல் விளையாட்டு 2000 டிசம்பரில் ஜப்பானில் வந்தபோது, கைத்தொலைபேசியோடு இணைக்கும் ஒரு சாதனம் மூலம் ஜிஎஸ் பந்து என்ற பொருளைப் பெற்று, ஐலெக்ஸ் காட்டுக் கோவிலில் அதை வைத்தால் செலிபி வரும். ஜப்பானுக்கு வெளியே விற்ற கேசட்டுகளிலும் கோவில் இருந்தது. பந்து மட்டும் கிடைக்காது. எத்தனை பிள்ளைகள் அந்தக் கோவிலுக்கு முன்னால் நின்று ஏ பொத்தானை அமுக்கிப் பார்த்திருப்பார்கள்! 2018 ஜனவரியில் 3டிஎஸ்ஸில் கிரிஸ்டலை மறுபடி வெளியிட்டபோது எல்லோருக்கும் அந்தப் பந்தைக் கொடுத்தார்கள். 2023 மார்ச்சில் அதை விற்ற இணையக் கடையையே மூடியாயிற்று.

ஒளித்து வைப்பது எப்படி என்பதற்கு எனக்குத் தெரிந்த மிகச் சிறந்த உதாரணம் ரூபி. 2002 நவம்பரில் ஜப்பானில் வந்த விளையாட்டு. எனக்குக் கிடைத்தது ஒரு பிரதி கேசட். அட்டைப்பெட்டியும் இல்லை, கையேடும் இல்லை. இது ஏன் முக்கியம் என்றால், முறையாக வாங்கியவர்களின் கையேட்டில் பிரெயில் எழுத்து அட்டவணை ஒன்று இருந்தது. எனக்கு அது தெரியாது. 134ஆம் பாதையில் கடல் நீரோட்டம் இழுத்துக்கொண்டே போகும். சரியான ஓட்டத்தில் போனால் நடுவே கரும்நீலமாக ஓர் இடம். அங்கே முக்குளித்து, அடியில் ஊர்ந்து, மேலே எழுந்தால் ஒரு கற்குகை. சுவர் முழுக்கப் புள்ளிகள். அவ்வளவுதான். வழி சொல்ல ஆள் இல்லை, கதை இல்லை.

அந்தப் புள்ளிகளை ஸ்கொயர் ரூல் கொப்பியில் அப்படியே வரைந்தேன். கட்டத்துக்கு ஆறு புள்ளி, இரண்டு நிரல், எது தடித்தது எது இல்லை என்று பார்த்துப் பார்த்து. முன் விறாந்தையில் இருந்து அதை முறைத்துக்கொண்டிருந்தபோது பக்கத்து வீட்டு அன்ரி வந்தார். ரத்மலானையில் பார்வையற்ற பிள்ளைகள் படிக்கும் பாடசாலையில் படிப்பித்தவர்.

"என்ன தம்பி, பிரெயில் எல்லாம் எழுதுறீர்?"

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. கொப்பியை நீட்டினேன். மூக்குக்கண்ணாடியை ஏற்றிவிட்டுப் பென்சிலால் ஒவ்வொரு கட்டமாகத் தொட்டுக்கொண்டே போனார்.

"இது ஏ, பி, சி. இதில டி, இ, எஃப். இது சும்மா அரிச்சுவடி எல்லோ. யார் உமக்கு இதைத் தந்தது?"

விளையாட்டில் வருகிறது என்றேன். நம்பவில்லை. கேம்பாயைக் கொண்டுவந்து காட்டினேன். சின்னத் திரையை வெளிச்சத்துக்குத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பிறகு குகையின் பின்சுவரில் இருந்ததை அவரே வாசித்தார். ஆங்கிலத்தில் இரண்டே சொல். இங்கே தோண்டு.

அந்தக் குகையின் மற்றச் சுவர்களில் இருந்தது முழு எழுத்து வரிசை என்பது அப்போதுதான் எனக்கு விளங்கியது. கையேடு இல்லாதவனுக்கும் சேர்த்துத்தான் அதை அங்கே செதுக்கி வைத்திருக்கிறார்கள். சாவி பூட்டுக்குப் பக்கத்திலேயே தொங்குகிறது. அது சாவி என்று தெரிய வேண்டும், அவ்வளவுதான். இதைச் செய்தவர்களை நான் மனதார மதிக்கிறேன். பார்வையற்றவர்களின் எழுத்து என்று ஒன்று உண்டு, அதை வாசிக்கக் கற்றுக்கொள்ளலாம் என்பதை உலகம் முழுவதும் எத்தனையோ பிள்ளைகளுக்கு இந்தக் குகை சொல்லிக் கொடுத்திருக்கும்.

தோண்டினால் உள்ளே இன்னோர் அறை. அங்கே, அணியில் முதலாவதாக ரெலிகாந்தும் கடைசியாக வெய்லோர்டும் இருக்க வேண்டும் என்று எழுதியிருக்கும். ரெலிகாந்த் கடலடியில் மட்டும் அபூர்வமாக வருவது. வெய்லோர்டு, வெய்ல்மர் 40ஆம் மட்டம் ஏறினால் கிடைப்பது. இரண்டையும் சரியான இடத்தில் வைத்துக்கொண்டு போனதும் நிலம் அதிரும். எங்கோ தூரத்தில் மூன்று கதவுகள் திறக்கும். பாலைவனத்தில் ரெஜிராக், தீவுக் குகையில் ரெஜிஐஸ், பழைய சமாதியில் ரெஜிஸ்டீல். மூன்று இடத்திலும் மறுபடி பிரெயில். அன்ரி ஓர் அட்டையில் எழுத்துகளை வடிவாக எழுதித் தந்திருந்தார், ஆகவே இந்த முறை நானே வாசித்தேன்.

தீவுக் குகையில் இருந்த கட்டளை, நில், காத்திரு, நேரம் இரண்டு முறை கடக்கட்டும் என்ற பொருளில். அதாவது இரண்டு நிமிடம் எந்தப் பொத்தானையும் தொடக் கூடாது. பொத்தான் அமுக்குவதற்கென்றே செய்த ஒரு கருவியைக் கையில் வைத்துக்கொண்டு அசையாமல் இருக்கச் சொல்கிறார்கள். கட்டிலில் கருவியை வைத்துவிட்டுக் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றேன். அம்மா குசினியில் இருந்து கூப்பிடுகிறார், பதில் சொல்லவும் பயம். சுவர் திறந்துகொண்டது. எந்த ஊர்க் கடையிலும் வரிசையில் நின்று வாங்கிய பிராணி இந்த நிறைவைத் தராது.

அதே விளையாட்டில் ஃபீபாஸ் என்று ஒரு மீனும் உண்டு. 119ஆம் பாதையில் ஓடும் நீண்ட ஆற்றில் தூண்டில் போடக்கூடிய கட்டங்கள் 400க்கும் மேல். அவற்றில் ஆறே ஆறில்தான் ஃபீபாஸ் இருக்கும். அந்த ஆறு எவை என்பது டியூஃபோர்டு ஊரில் அப்போது எல்லோரும் பேசிக்கொள்ளும் நாகரிகச் சொற்றொடரைப் பொறுத்தது. அதை மாற்றினால் இடங்களும் மாறும். பிடிபட்டாலும் பார்க்கச் சகிக்காத மீன். நீல நிறப் போக்கிப்ளாக் என்ற தீனியைக் கொடுத்து அழகை ஏற்றி, அப்புறம் ஒரு மட்டம் உயர்த்தினால்தான் மைலோட்டிக் ஆகும். இதுவும் ஒளித்து வைத்ததுதான், ஆனால் ரெஜிகளின் குகையோடு ஒப்பிட்டால் எனக்குக் கொஞ்சம் குறைதான். ஆற்றில் ஆறு கட்டம் மட்டும் வேறு மாதிரி என்பதற்குப் போதிய தடயத்தை விளையாட்டு தரவில்லை. தடயம் இல்லாமல் ஒளிப்பது பூட்டுவதற்குப் பக்கத்தில் வந்துவிடுகிறது.

நிறம் மாறிய ஷைனிகளைப் பற்றி அதிகம் சொல்லப்போவதில்லை. முன்பு 8,192இல் ஒன்று, 2013க்குப் பிறகு 4,096இல் ஒன்று. வெறும் அதிர்ஷ்டம். இதில் எனக்குப் பிடித்த ஒரே விஷயம், இந்த விளையாட்டுகளைச் செய்தவர்களில் ஒருவரான ஜுனிச்சி மசூடாவின் பெயரால் வழங்கும் முறை. 2006இல் வந்த டயமண்ட், பேர்ல் தொடங்கி, வெவ்வேறு மொழி விளையாட்டில் பிறந்த இரண்டு போக்கிமோன்களைச் சோடி சேர்த்தால் முட்டையில் ஷைனி வரும் வாய்ப்பு பல மடங்கு கூடும். அயலூர்க்காரரோடு கொடுக்கல் வாங்கல் வைத்துக்கொண்டால்தான் பலன் என்று ஆக்கியது நல்ல யோசனை.

2016 ஜூலையில், போனை வைத்துக்கொண்டு வெளியே நடந்து திரிந்து பிராணி பிடிக்கும் போக்கிமோன் கோ வந்தது. இலங்கைக்கு முறைப்படி வந்தது அந்த வருடம் டிசம்பரில். அடுத்த பெப்ரவரியில் இரண்டாம் தலைமுறைப் பிராணிகளைச் சேர்த்தபோது கோர்சோலாவும் வந்தது. பவளப் பூச்சி மாதிரி இளஞ்சிவப்பில் ஒரு பிராணி. வெப்ப வலயத்துக் கடற்கரைகளில் மட்டும்தான் கிடைக்கும். கொழும்பு ஏறத்தாழ 7 பாகை வடக்கில், கடலை ஒட்டி இருக்கிறது. மரைன் டிரைவில் பின்னேரம் நடக்கப் போனால், ஒரு பக்கம் ரயில் பாதையும் அதற்கு அப்பால் கடலும், போனில் கோர்சோலா. ஐரோப்பாவிலும் வட அமெரிக்காவின் பெரும்பகுதியிலும் இருக்கிறவர்கள் இதற்காக ஏங்கினார்கள். அந்த வருடக் கடைசியில் டோர்கோல் என்ற நெருப்பாமையும் சேர்ந்தது. அதுவும் நம் பக்கத்து நாடுகளுக்கென்றே ஒதுக்கியது.

முதல் தடவையாகச் சாவி எங்கள் கையில். சந்தோஷமாகத்தான் இருந்தது. அதற்காக நான் பக்கம் மாறவில்லை. இடத்தை வைத்துப் பூட்டுவது, பூட்டு யார் வீட்டில் இருந்தாலும் பூட்டுவதுதான். அதே போக்கிமோன் கோ விளையாட்டில், 2018 மார்ச்சில் மியூவை எப்படிக் கொடுத்தார்கள் என்று பாருங்கள். எல்லா நாட்டவருக்கும் ஒரே பணிகள். படிப்படியாகச் செய்து முடித்தால் மியூ வரும். அதில் ஒரு பணி மேஜிகார்ப் மீனை வளர்ப்பது. அதற்கு 400 மிட்டாய் சேர்க்க வேண்டும். இன்னொன்று டிட்டோவைப் பிடிப்பது. அதுவோ வேறு பிராணியின் உருவத்தில் திரியும், பிடித்த பிறகுதான் தன்னைக் காட்டும். வெள்ளவத்தையில் இருந்து கொள்ளுப்பிட்டி வரைக்கும் அந்தக் கடற்கரை வீதியில் நான் நடந்து தீர்த்தேன். நியூ ஜெர்சியில் அவனும் நடந்தான். இரண்டு பேருக்கும் ஒரே மியூ. இந்த வகை விளையாட்டு எப்போதும் இப்படித்தான் இருந்திருக்க வேண்டும்.

அந்த வருடம் ஜூனில் மாற்றிக்கொள்ளும் வசதியும் கோவுக்கு வந்தது. இரண்டு பேரும் ஏறத்தாழ 100 மீற்றருக்குள் நிற்க வேண்டும் என்பது நிபந்தனை. கேபிள் தேவையில்லை. சித்தியின் மகன் விடுமுறைக்கு வந்திறங்கிய அன்றே, பயணக் களைப்போடு, மரைன் டிரைவுக்குப் போவோமா என்றான். நான் கோர்சோலா கொடுத்தேன், அவன் டோரோஸ் கொடுத்தான். அது வட அமெரிக்காவில் மட்டும் திரியும் மாடு.

யோசித்துப் பார்த்தால், எங்கள் ஆட்கள் போய் இருக்கும் ஊர்களும் இந்தப் பிராணிகளின் ஊர்களும் ஆச்சரியமாகப் பொருந்துகின்றன. டொரோண்டோவில் டோரோஸ், லண்டனில் மிஸ்டர் மைம், மெல்பேர்னில் கங்காஸ்கான். குடும்ப வட்ஸ்அப் குழுவில் இப்போது ஒரு பட்டியலே ஓடுகிறது. லண்டன் மாமா மகள் டோர்கோல் ஒன்று கேட்டிருக்கிறாள். பிடித்து வைத்தாயிற்று. கங்காஸ்கான் பெரியம்மா மகனிடம் இருக்கிறது. அவனுக்கு டிசம்பரில்தான் லீவு.